யானை கடந்த பாலமும் மூன்று திருத்தங்களும்

தீர்ப்பு உங்களுடையது. ஆனால் கதையைக் கடைசிவரை கேட்டுவிட்டுச் சொல்லுங்கள். பாதியில் சொல்லிவிட்டு அப்புறம் நாக்கைக் கடித்துக்கொண்டவர்கள் நிறையப் பேர்.

இணையத்தில் அறிவுப்பந்தல் என்று ஒரு கலைக்களஞ்சியம். யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் வேண்டுமானாலும் திருத்தலாம். ஒரே நிபந்தனை, எழுதிய வாக்கியத்துக்கு எங்கிருந்து எடுத்தோம் என்று சான்று காட்ட வேண்டும். சான்றாகக் காட்டிய இணையப்பக்கம் காணாமல் போய்விட்டால் அதற்குச் செத்த இணைப்பு என்று பெயர். பந்தல்காரர்கள் ஆண்டுக்கு ஒருநாள் ஏதாவது ஓர் ஊரில் கூடி, செத்த இணைப்புகளுக்கெல்லாம் உயிர் கொடுப்பார்கள். கடைசி இணைப்பைச் சரிசெய்கிறவரின் ஊரில்தான் மறு ஆண்டுக் கூட்டம். ஊர்ப்பெருமையும் விருந்தும் சம்பந்தப்பட்ட விஷயம் என்பதால் போட்டியில் அனல் பறக்கும்.

இந்த ஆண்டு வெள்ளோடைப்பட்டியில் கூடினார்கள். நடுவர் மரகதவல்லி, அந்த ஊரில் மருந்துக்கடை வைத்திருப்பவள். டாக்டர்களின் கையெழுத்தையே படித்துவிடுகிறவளுக்கு மற்றதெல்லாம் எம்மாத்திரம்! பிற்பகல் மூன்று மணிக்குள் முந்நூற்றுப் பன்னிரண்டு இணைப்புகள் சரியாகிவிட்டன. மிச்சம் ஒன்றே ஒன்று. அது எது என்று பார்த்ததும் மரகதவல்லி அடிக்க எடுத்த மணியைக் கீழே வைத்துவிட்டாள்.

அது வெள்ளோடைப் பாலத்தைப் பற்றிய கட்டுரை. பாலம் திறந்த அன்று அதை முதலில் கடந்தது ஒரு யானை என்று அதில் ஒரு வாக்கியம். மரகதவல்லி பந்தலில் எழுதிய முதல் வாக்கியமே அதுதான். 2010இல், ஊருக்கு மருமகளாக வந்த புதிதில், பேருந்து நடத்துநர் ஒருவர் சொல்லக் கேட்டு, "பதினோரு தூண்கள் தாங்கும் இப்பாலத்தைத் திறப்பு நாளில் முதலில் கடந்தது ஒரு யானை" என்று எழுதினாள். ஆற்றில் நாணல் மண்டிக் கிடந்ததில் தூண்களைத் தப்பாக எண்ணியிருந்தாள். மூன்று வருடம் கழித்து யாரோ ஆற்றில் இறங்கி எண்ணிப் பார்த்து, ஒன்பது என்று திருத்தினார்கள். யானையை யாரும் தொடவில்லை. 2012இல் வேறொருவர் அதற்குச் சான்றாக ஒரு செய்தித்தாளின் இணையப்பக்கத்தைச் சேர்த்திருந்தார். இப்போது செத்துக் கிடந்தது அந்தப் பக்கம்தான். பந்தல் நண்பர்கள் எல்லாருக்கும் அவள் 'யானைக்காரி'. அந்தப் பெயரில் அவளுக்குக் கொள்ளைப் பெருமை. சான்று நிற்காவிட்டால் யானையும் நிற்காது.

மனசைத் தேற்றிக்கொண்டு மணி அடித்தாள். மூன்று பேர் களத்தில் குதித்தார்கள்.

தூத்துக்குடி அந்தோணிராஜ், மறைந்த பக்கங்களின் பழைய பிரதிகளைச் சேமித்து வைக்கும் இணையக் காப்பகத்தில் தேடினார். எட்டே நிமிடத்தில் அந்தச் செய்தியின் பிரதி கிடைத்தது. கட்டுரையில் இணைத்தார், தட்டினால் அழகாகத் திறந்தது. "யானைக்கு உசுரு வந்துட்டுக்கா! அடுத்த வருசம் எல்லாரும் எங்க ஊரு முந்திரி மக்ரூன் திங்க வாங்க" என்று கையைத் தூக்கினார்.

காரைக்குடி நாச்சம்மை அதற்குள் கிளம்பிவிட்டார். "நெட்டுல இருக்கது இன்னைக்கு இருக்கும், நாளைக்கு இருக்காது. அச்சுல வந்ததைக் காட்டணும்" என்று ஸ்கூட்டரில் நூலகத்துக்குப் பறந்தவர், அரை மணி நேரத்தில் தலையெல்லாம் தூசியோடு திரும்பி வந்தார். அதே செய்தித்தாள், 2011 ஆகஸ்ட் 2, ஐந்தாம் பக்கம். படம் பிடித்து வந்ததைச் சத்தமாகப் படித்தார்: "பதினோரு தூண்கள் தாங்கும் வெள்ளோடைப் பாலத்தைத் திறப்பு நாளில் முதலில் கடந்தது ஒரு யானை." தேதியையும் பக்க எண்ணையும் கட்டுரையில் சேர்த்தார். கைதட்டலில் கூரை அதிர்ந்தது. மரகதவல்லிக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

மூன்றாமவர் கடையநல்லூர் ஷேக் மைதீன். அவர் எதையும் தேடவில்லை. நாச்சம்மையின் படத்தை வாங்கி இரண்டு தடவை படித்தார். கட்டுரையில் யார், எதை, எப்போது எழுதினார்கள் என்று காட்டும் வரலாற்றுப் பக்கத்தைத் திறந்து பார்த்தார். பிறகு அந்தச் சான்றை அடியோடு நீக்கிவிட்டு, வாக்கியத்தின் முடிவில் 'சான்று தேவை' என்று போட்டார்.

கூட்டம் கொல்லென்று சிரித்தது. "சரிசெய்யச் சொன்னா, பிடுங்கிப் போட்டுட்டு வந்து நிக்கியளே அண்ணாச்சி!" என்றார் அந்தோணிராஜ்.

மைதீனும் சேர்ந்து சிரித்தார். "யக்கா, அந்தச் செய்தியையும் வரலாற்றுப் பக்கத்தையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் படிங்க. நான் ஒரு டீ குடிச்சிட்டு வாரேன்" என்று வெளியே போய்விட்டார்.

மரகதவல்லி படித்தாள். காது மடல்வரை சிவந்துபோனாள். முதல் இருவரில் யாருக்குப் பரிசைக் கொடுத்தாலும் யானை தங்கும், பெயரும் தங்கும். கொடுத்துவிடேன் என்று மனசு கெஞ்சியது. கூட்டமோ அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தது.

இப்போது நீங்கள் சொல்லுங்கள். மூவரில் சான்றைச் சரிசெய்தவர் யார்? அடுத்த ஆண்டு விருந்து எந்த ஊரில்?

விருந்து கடையநல்லூரில்தான். செய்தி வந்தது 2011இல். வாக்கியம் அதற்கு ஒரு வருடம் மூத்தது. அது போதாதென்றால் தூண்களைப் பாருங்கள். ஒன்பது தூண் பாலத்தில் பதினொன்றை எண்ணியது மரகதவல்லியின் கண்தான். அதே கணக்கு, அதே வார்த்தைகள் செய்தியிலும் இருக்கின்றன. நிருபர் ஆற்றுப் பக்கமே போகாமல் பந்தலைப் பார்த்து எழுதிவிட்டார். அதையே பந்தல் சான்றாகக் காட்டினால், தனக்குத் தானே சாட்சி சொன்ன கதை. அந்தோணிராஜும் நாச்சம்மையும் பட்ட பாடு பொய்யில்லை. ஆனால் அவர்கள் கொண்டுவந்த சாட்சியை விசாரித்தவர் மைதீன் ஒருவரே. மரகதவல்லி அவர் பெயரை அறிவித்துவிட்டு, கையோடு யானை வாக்கியத்தையும் தானே நீக்கினாள். நீக்கிய காரணத்தை எழுதும் கட்டத்தில், "நம்ப இடமில்லை. எழுதியவளே சொல்கிறேன்" என்று தட்டினாள். பெரிய திரையில் அதைப் படித்த கூட்டம் எழுந்து நின்று விசிலடித்தது. அவளுக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை. பதினைந்து வருடங்களில் அவள் எழுதியதில், யாரும் சான்று கேட்காத வரி அது ஒன்றுதான்.