எருமையக்காவின் வைத்தியம்

காட்டுக் குட்டையில் காரி என்ற எருமை படுத்துக் கிடந்தது. ஒருநாள் கொக்கு ஒன்று கரையில் வந்து நின்று தன் கவலையைச் சொல்லி அழுதது. காரி அசைபோட்டபடி "ம்ம்" என்றது. கொக்குக்கு மனசு லேசாகிவிட்டது. அவ்வளவுதான், காட்டுக்கே ஒரு மனநல வைத்தியர் கிடைத்துவிட்டார்.

அன்றோடு காரிக்குத் தூக்கம் போயிற்று.

"அக்கா, மீனைத் தின்னு முடிச்சதும் அழுகையா வருது" என்றது கொக்கு.

"ம்ம்."

"அக்கா, எது என் சொந்த நிறம்னே தெரியலை" என்றது பச்சோந்தி.

"ம்ம்."

வைத்தியர் எதைச் சொன்னாலும் அது நம்மைப் பற்றித்தான் என்று நோயாளிகள் தங்களுக்குள் ஒரு விதியும் வகுத்துக்கொண்டார்கள்.

கோடை வந்தது. குட்டை வற்றியது. காரியின் நான்கு கால்களும் இறுகிய சேற்றில் மாட்டிக்கொண்டன. இப்படியே கிடந்தால் தாகத்தில் உயிர் போய்விடும் என்று அதற்குத் தெரிந்தது.

"சேத்துல மாட்டிக்கிட்டேன். யாராவது இழுத்து விடுங்கப்பா" என்றது காரி.

"ஆமாக்கா, நான் மாட்டிக்கிட்டுத்தான் இருக்கேன்" என்று கொக்கு விம்மியது.

"உன்னைச் சொல்லலை. என் காலைச் சொல்றேன்."

"காலேதான்கா! சின்ன வயசுலேருந்து ஒத்தைக் கால்லதான் நிக்கிறேன். எப்படிக் கண்டுபிடிச்சீங்க?"

காரிக்கு அலுத்துவிட்டது. கோபப்படக்கூடத் தெம்பில்லை. அழலாம் போலிருந்தது. ஆனால் அதையும் இவர்கள் வைத்தியம் என்பார்கள்.

அப்போது ஒரு யானை வந்தது. "அக்கா, நான் ஒரு எறும்பு. யாராவது மிதிச்சிடுவாங்களோன்னு பயமாவே இருக்கு."

காரி மெதுவாகத் தலையைத் தூக்கியது. "எறும்புன்னா தன்னைவிடப் பெரிய பாரத்தை இழுக்கணுமே. எங்கே, என்னை இழு பார்ப்போம்."

யானை தும்பிக்கையால் காரியைச் சுற்றி வளைத்து, ஒரே இழுப்பில் கரையில் போட்டது. "பாத்தீங்களா, நான் எறும்பேதான்!" என்று துள்ளியது.

"எறும்புதான், ராசா. நல்லாயிரு" என்றது காரி. காலை உதறிக்கொண்டு ஆற்றைப் பார்த்து நடந்தது. திரும்பிப் பார்க்கவில்லை.

மறுநாள் நோயாளிகள் வழக்கம்போல் வந்தார்கள். சேற்றில் ஒரு பெரிய பள்ளம்தான் இருந்தது. கொக்கு அதன் ஓரத்தில் நின்று அழுது முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டது.

"அக்கா இன்னைக்கு ரொம்பப் பொறுமையாக் கேட்டாங்க" என்றது.

தன் குறையையே சொல்லிக்கொண்டிருப்பவர், கேட்பவரின் உயிர் போனாலும் அறியமாட்டார்.