ஈரமான சாம்பிராணி

கடலோரப் பட்டணம் ஒன்றின் சந்தை நடுவில் முன்னொரு சமயம் ஒரு தூபக்கால் இருந்தது. ரோமச் சக்கரவர்த்தியின் சிலைக்கு முன்னால் மூன்று காலில் நின்றது. வசந்தம் தொடங்கியதிலிருந்து அதன் நெருப்பு அணையவே இல்லை. ஊரில் ஒவ்வொருவரும் வந்து ஒரு துண்டு சாம்பிராணி போட்டு, போட்டதற்குச் சீட்டு வாங்கிப் போக வேண்டும் என்பது அரசாணை. போடாவிட்டால் ஊர் மதிலுக்கு அந்தப் பக்கம் கொண்டுபோய்த் தலையை வெட்டுவார்கள். கிறிஸ்தவர்களைப் பிடிக்கத்தான் இந்த ஏற்பாடு. அவர்கள் சிலைக்குத் தூபம் போட மாட்டார்களாம்.

"மாட்டார்களாவது," என்று இருமியது தூபக்கால். "நேத்து வந்ததுல பாதிப் பேர் அவங்கதான். கண்ணை மூடிக்கிட்டுப் போட்டுட்டுப் போயிட்டாங்க. எனக்குத்தான் தொண்டை போச்சு. ஒரு நாள் ஆறிக் கிடந்தா போதும் சாமி."

சிலையின் காலில் சாய்ந்திருந்த வாள் கொட்டாவி விட்டது. "உனக்காவது இருமல். என்னைச் சண்டைக்குன்னு சொல்லித்தான் அடிச்சாங்க. இங்க வந்து மதிலுக்கு அந்தப் பக்கம் கூட்டிட்டுப் போறதெல்லாம் துணி நெய்யறவங்களையும் மீன் விக்கறவங்களையும். எவனாவது ஒருத்தன் திருப்பி அடிச்சானா? வெக்கமா இருக்கு."

ஊரில் மற்றவர்கள் முன்னமே போட்டு முடித்திருந்தார்கள்; அன்று வரிசையில் மிஞ்சி நின்றவர்கள் கிறிஸ்தவர்கள்தான். அப்போது தொனாத்தா என்ற நெசவுக்காரியின் முறை வந்தது. எழுத்தர் விபியன் அவள் உள்ளங்கையில் ஒரு சாம்பிராணித் துண்டை வைத்தார். அது சந்தைக்காரன் குரலில் ஆரம்பித்தது.

"வாங்கம்மா வாங்க. நான் பட்டாணி அளவுதான். விரலைத் திறந்தா நானே விழுந்துடுவேன். கண் மூடித் திறக்கறதுக்குள்ள புகை. வீட்டுக்குப் போய் அடுப்பைப் பத்த வைக்கலாம்."

தொனாத்தா விரலைத் திறக்கவில்லை. "என்னால முடியாது, ஐயா," என்றாள் எழுத்தரிடம்.

விபியன் கண்ணைத் தேய்த்துக்கொண்டார். காலையிலிருந்து ஆறு பேரை மதிலுக்கு அந்தப் பக்கம் அனுப்பியிருந்தார். சுற்றிப் பார்த்துவிட்டு ஒரு சீட்டை எழுதி, முத்திரை குத்தி, அவள் பக்கம் தள்ளினார்.

சீட்டு தரகன் மாதிரி குழைந்தது. "நீ எதுவும் போட வேண்டாம், வாயும் திறக்க வேண்டாம். பொய் சொல்றது நான். உனக்கென்ன?"

"உன்மேல என்ன எழுதியிருக்கு? எனக்குப் படிக்கத் தெரியாது."

சீட்டு தொண்டையைச் செருமிக்கொண்டு அரசாங்கக் குரலுக்கு மாறியது. "நெசவுக்காரி தொனாத்தா தூபம் போட்டதைக் கண்ணால் கண்டோம்."

"நீங்க பாக்கலையே, ஐயா."

"பாத்தேன்னு எழுதிட்டேன்ல," என்றார் விபியன் சலிப்போடு. "எடுத்துக்கிட்டுப் போயேன்மா."

"இதை மடியில வச்சுக்கிட்டு நான் எப்படி ஜெபம் பண்ணுவேன்?"

அவள் சீட்டைத் திருப்பித் தந்தாள். பிறகு கையை விரித்து, சாம்பிராணித் துண்டையும் மேசைமேல் வைத்தாள். "அரசாங்கப் பொருள். என் கையோட போயிடக் கூடாது."

காவலன் வாளை எடுத்தான். நடக்கும்போது வாள் மெல்லக் கேட்டது: "பயமா இருக்கா?"

"கால் நடுங்கறது தெரியலையா உனக்கு?"



அடுத்து நின்றவர் ரூஃபன், செம்புப் பாத்திரம் தட்டுகிறவர். தொனாத்தாவோடு ஒரே வீட்டில் கூடி ஜெபிக்கிறவர்தான். அவள் கடந்து போனபோது தலையைக் குனிந்துகொண்டார். போட்டுவிடுவதென்று காலையிலேயே முடிவு செய்திருந்தார்.

விபியன் புதுத் துண்டு எடுக்கப் பெட்டியைத் திறக்கப் போனவர், நிறுத்திக்கொண்டார். திரும்பி வந்த பொருளைத் தீர்த்துவிட்டுத்தான் பெட்டியைத் தொட வேண்டும் என்பது அரசாங்க விதி. பத்து வருஷமாக அவர் அந்த விதியை மீறியதில்லை. தொனாத்தா வைத்துவிட்டுப் போன துண்டையே ரூஃபன் கையில் வைத்தார்.

ரூஃபன் அதை நெருப்புக்கு மேலே கொண்டுபோனார். "ஏன் ஈரமா இருக்க?"

சாம்பிராணிக்குச் சந்தைக் குரல் வரவில்லை. "அவ கை வேர்வை. என்னைப் பிடிச்சிருந்த நேரமெல்லாம் வேர்த்துக் கொட்டிச்சு."

"பயந்தாளா? தொனாத்தாவா?"

"உன்னை மாதிரியேதான்."

பயப்படாதவர்களால்தான் இது முடியும் என்று அதுவரை ரூஃபன் நினைத்திருந்தார். கையை நெருப்புக்கு மேலிருந்து இழுத்தார். துண்டை மேசையில் வைத்துவிட்டு, காவலன் திரும்பி வந்து கூப்பிடுவதற்கு முன்பே மதில் பக்கம் நடந்தார்.

அடுத்து உப்பு விற்கும் சத்தூரா. விதிப்படி அதே துண்டு. இப்போது அதில் இரண்டு பேர் வேர்வை. அவளும் கேட்டாள், அதுவும் சொன்னது; அவளும் துண்டை மேசையில் வைத்துவிட்டு மதில் பக்கம் நடந்தாள். வரிசையில் சிலர் நழுவி வீட்டுக்குப் போனார்கள். போகாமல் நின்றவர்கள் கைக்கெல்லாம் அது போய்ப் போய், மேசைக்கே திரும்பி வந்தது. பெட்டி திறக்கவே இல்லை.

பொழுது சாய்ந்தபோது வரிசையில் யாரும் இல்லை. விபியன் மேசையில் தலை கவிழ்ந்திருந்தார். தூபக்கால், வசந்தத்துக்குப் பிறகு முதல்முறையாக, ஆறிக் கிடந்தது.

"நீ கேட்டது கிடைச்சுதா?" என்றது சாம்பிராணி.

மதிலுக்கு அந்தப் பக்கம் வாள் இன்னும் வேலையில் இருந்தது.