நீல உறையின் மேல் பன்னிரண்டு கோடுகள்

அடுத்தவர் வழக்கில் தீர்ப்புச் சொல்வதென்றால் நம் எல்லோருக்கும் கொள்ளை ஆசை. இதோ ஒரு வழக்கு, கேட்டுவிட்டுத் தீர்த்து வையுங்கள்.

துவாக்குடியில் ஒரு தகட்டுப் பட்டறை. முதலாளி நாகரத்தினம். அவரிடம் நாலு வருடமாகச் சாணை மெஷினில் தகட்டு விளிம்பின் பிசிறு தேய்த்துத் தூசி தின்ற ஜெசிந்தாவுக்கு ஒரே ஆசைதான், தகட்டில் வெட்டுக்கோடு போடும் மேசை. போன மாதம்தான் அவளை அதில் உட்கார வைத்துப் பார்த்தார்கள். "இந்தப் புகைக்குழாய் சரியா அமைஞ்சா மேசை உனக்கு. சொதப்பினா பழையபடி சாணைதான்" என்றார் முதலாளி.

குழாய் ஒரு விடுதிச் சமையலறைக்கு. அதன் மேல் வாய் சாய்வாக இருக்க வேண்டும். சாய்வின் தாழ்ந்த பக்கம் முன்னால் வரும்படி நிறுத்தினால், இடது கைப் பக்கம் ஒரு ஓட்டை இருக்க வேண்டும். உருண்டையான குழாயைத் தட்டைத் தகட்டில் எப்படி வரைவது? சுற்றளவைப் பங்கிட்டுப் பன்னிரண்டு இணைகோடுகள் போட்டு, ஒவ்வொரு கோட்டிலும் அந்த இடத்து உயரத்தைக் குறித்து, புள்ளிகளைச் சேர்த்தால் அலை மாதிரி ஒரு வளைவு கிடைக்கும். வெட்டி உருட்டினால் அந்த அலை சாய்வாகிவிடும். ஜெசிந்தாவின் கோடுகளில் மயிரிழை பிசகு கிடையாது, இதை நான் அடித்துச் சொல்வேன்.

பட்டறைச் சுவரில் சிவப்புப் பெயிண்டில் இரண்டு கட்டளைகள். "கோடு போட்ட பக்கம் குழாய்க்கு உள்ளே." அதற்குக் கீழே, "எவர்சில்வர் தகட்டில் நீல உறை குழாய்க்கு வெளியே." பளபளப்பான பக்கத்தில் கீறல் விழாமலிருக்க ஒட்டி வரும் பிளாஸ்டிக்தான் நீல உறை. கோடு உள்ளே போகும் என்று கணக்கிட்டுத்தான் ஜெசிந்தா படம் வரைந்தாள். ஆனால் பேனா பளிச்சென்று பிடிக்கிறதே என்று அந்த உறையின் மேலேயே வரைந்துவிட்டாள். அதுவரை உறையில்லாத தகடுகள்தான் அவள் மேசைக்கு வந்திருந்தன. ஓட்டையையும் தானே வெட்டி, தகட்டை உருட்டும் மெஷின்காரர் கலியமூர்த்தியிடம் கொடுத்துவிட்டுச் சாப்பிடப் போனாள்.

திரும்பி வந்தவள் வாசலிலேயே நின்றுவிட்டாள். குழாய் உருண்டு, பற்றவைத்து, உறையும் உரித்து மினுமினுவென்று நின்றது. ஓட்டை வலது பக்கம் இருந்தது!

குழாயைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள், கவிழ்த்தும் பார்த்தாள். குழாயென்ன சட்டையா, உள்புறத்தை வெளியே எடுத்துப் போட? அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

நாகரத்தினம் வந்து பார்த்தார்.

"அடப்பாவிகளா! இருந்ததே அந்த ஒரு தகடுதானே! யார் பண்ணின வேலை இது? யாரா இருந்தாலும் இன்னையிலேர்ந்து சாணை மெஷினுக்குப் போகட்டும்!"

"என் தப்புதான் சார்" என்றாள் ஜெசிந்தா. "உறை மேலேயே கோடு போட்டுட்டேன். அண்ணன் உறையை வெளியே விட்டு உருட்டியிருக்காரு, கோடும் வெளியே வந்து இடம் வலமா மாறிடுச்சு." சொல்லும்போதே மேசை கைவிட்டுப் போவது தெரிந்தது.

அதைவிடப் பெரிய அதிர்ச்சி அதற்குப் பிறகுதான் வந்தது. இருபத்திரண்டு வருடத்தில் ஒரு பிழையையும் தன்னுடையது என்று ஒப்புக்கொள்ளாத கலியமூர்த்தி, கையுறையைக் கழற்றிவிட்டு முன்னால் வந்தார்.

"இல்ல சார். கோடு உறை மேல இருக்கிறதை உருட்டுறதுக்கு முன்னாடியே பார்த்துட்டேன். கோட்டை உள்ள விட்டு உருட்டினா ஓட்டை சரியா வரும், பளபளப்புதான் உள்ள போயிடும்னும் தெரியும். வெளிப்பக்கத்துக்குப் பாலிஷ் போட்டுக்கலாம். அந்தப் பொண்ணை ஒரு வார்த்தை கேட்டிருந்தா போதும். நேத்து வந்தவகிட்ட நான் போய்க் கேக்கணுமான்னு இருந்துட்டேன்."

ஜெசிந்தா வாயில் கைவைத்துக்கொண்டாள். பரிசுக்கு இரண்டு பேர் அடித்துக்கொண்டு பார்த்திருப்பீர்கள், பழிக்கு இரண்டு பேர் போட்டி போட்டுப் பார்த்ததுண்டா?

இப்போது சொல்லுங்கள். உறை மேல் கோடு போட்ட ஜெசிந்தா, பார்த்தும் உருட்டிய கலியமூர்த்தி, இரண்டு கட்டளைகளை எழுதிய நாகரத்தினம், இந்த மூவரில் குழாயைக் கெடுத்தது யார்?

விடை: கட்டளைகளில் குற்றமில்லை. உறையில்லாத பக்கத்தில் கோடு போட்டிருந்தால் இரண்டும் ஒருசேர நிறைவேறியிருக்கும். ஜெசிந்தா செய்தது பிழைதான், ஆனால் தெரியாமல் செய்தது. அவள் கையை விட்டுப் போனபோதும் அதைத் திருத்த வழி இருந்தது. அந்த வழியைத் தெரிந்துவைத்துக்கொண்டே, கௌரவம் பார்த்து வாயை மூடிக்கொண்டவர் கலியமூர்த்தி. குழாயைக் கெடுத்தது அவர்தான். நாகரத்தினமும் அப்படியே தீர்த்தார். கலியமூர்த்தி போய்ச் சாணை மெஷின் முன்னால் உட்கார்ந்தார். மேசை ஜெசிந்தாவுக்குக் கிடைத்தது. ஆனால் அவர் சாணை பிடிக்கும் சத்தம் கேட்டுக்கொண்டேயிருக்க, அன்று முழுக்க அந்த மேசையில் அவளால் ஒரு கோடுகூட நேராக இழுக்க முடியவில்லை.