பாவாயி கொடிக்காலும் அரசரின் மணிக்கயிறும்

திருமேனிராயர் என்றொரு அரசர் இருந்தார். வீரத்தில் எப்படியோ, அதிரசம் தின்பதில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது. ஆனால் அடுப்புப் புகை மட்டும் அவருக்கு ஆகாது. ஒரு தும்மல் வந்தால் ஒன்பதில்தான் நிற்கும். அதனால் அரண்மனைச் சமையற்கட்டையே பெயர்த்துக்கொண்டுபோய் ஊருக்கு வெளியே வைத்தார்கள். வைத்த பிறகுதான் சங்கடம் புரிந்தது. பசிக்கிறது என்று அரசர் எவ்வளவு கத்தினாலும் அங்கே கேட்காது.

அமைச்சர் நாகலிங்க பூபதி வழி கண்டுபிடித்தார். அரசரின் கட்டிலிலிருந்து சமையற்கட்டு வரைக்கும் ஒரே நீளக் கயிறு. அந்தக் கோடியில் ஒரு மணி. அரசர் ஒரு தடவை இழுத்தால் ஒரு தட்டு அதிரசம் வரும். நடுவில் பாவாயி என்ற பெண்ணின் வெற்றிலைக் கொடிக்கால் இருந்தது. தோட்டத்துக்கு இந்தப் பக்கம் ஒரு கம்பம், அந்தப் பக்கம் ஒரு கம்பம் நட்டு, அம்பில் கயிற்றைக் கட்டி எய்து, மேலாகவே கடத்திவிட்டார்கள். பாவாயியிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

கொடிக்காலில் வெற்றிலைக் கொடி அகத்தி மரத்தைப் பிடித்துக்கொண்டுதான் ஏறும். காற்றடித்தால் அகத்திக் கிளை கயிற்றில் உரசும். அரசர் இழுப்பது சில நேரம் போய்ச் சேராது. உடனே அமைச்சர் உத்தரவு போட்டார்: கயிற்றுக்கு இரண்டு பக்கமும் பத்து முழத்துக்கு ஒரு மரம் நிற்கக் கூடாது. பாவாயியின் தோட்டமோ மொத்தம் இருபத்தோரு முழ அகலம். வேலிதான் மிஞ்சும். அவளுக்குப் பிழைப்பு வேறு கிடையாது.

பாவாயி அழுதுகொண்டே சபைக்கு வந்தாள். அமைச்சர் அசரவில்லை.

"நிலம் உன்னுடையது. அதை யார் தொட்டது? கயிறு போவது ஆகாயத்தில். ஆகாயம் அரசருடையது. உன் மரங்கள்தான் அரசரின் ஆகாயத்துக்குள் அத்துமீறி நுழைந்திருக்கின்றன" என்றார்.

சபையில் எல்லாரும் தலையாட்டினார்கள். அரசரும் ஆட்டினார். அவருக்குப் பசி.

அந்தச் சபையில் மருதாசலம் என்று ஒருவர் உண்டு. அரண்மனையில் அவருக்கு என்ன வேலை என்று யாருக்கும் தெரியாது. கேட்கவும் யாரும் துணிந்ததில்லை, பதில் சொல்லிவிடுவார் என்ற பயம். அவர் எழுந்து, அமைச்சரின் தீர்ப்பு அருமை என்றார். இதை ஓலையில் எழுதி முத்திரை போட்டுவிடலாம்: மேலே உள்ள ஆகாயம் அரசருடையது, கீழே உள்ள மண் பாவாயியுடையது, மீறுகிறவருக்குச் சிறை. அமைச்சருக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. தாமே எழுதி, தாமே முத்திரை வைத்தார்.

வெளியே வந்ததும் பாவாயி, நீங்களுமா இப்படிச் செய்தீர்கள் என்று மருதாசலத்தைப் பிடித்துக்கொண்டாள். அவர் ஓலையின் நகலை அவள் கையில் கொடுத்தார்.

"இதைப் பத்திரமாக வைத்துக்கொள். மரம் வெட்ட வருகிறவர்களிடம் படித்துக் காட்டு. வேறொன்றும் பேசாதே."

மறுநாள் கோடாலியோடு ஆட்கள் வந்தார்கள். பாவாயி வேலிப் படலைச் சாத்திவிட்டு ஓலையை நீட்டினாள்.

"ஆகாயம் உங்களுதுங்க. தாராளமா வெட்டிக்குங்க. மண்ணு என்னுது. அதுல கால் வெக்காம வெட்டோணும்."

ஆட்கள் ஓலையைப் பார்த்தார்கள், முத்திரையைப் பார்த்தார்கள், கோடாலியைத் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார்கள். சிறைக்குப் போக யாருக்கு ஆசை? பொழுது சாய்வதற்குள் மரங்கள் போயிருக்க வேண்டும் என்று அமைச்சர் அரசரிடம் வாக்குக் கொடுத்திருந்தார். கயிற்றில் தொங்கிப் போய் வெட்டச் சொன்னால் சிப்பாய்கள் எல்லாருக்கும் ஒரே நேரத்தில் வயிற்றுவலி வந்தது. வேறு வழியில்லை. அமைச்சர் வாயில் அரிவாளைக் கவ்விக்கொண்டு தாமே கயிற்றில் ஏறினார்.

அவர் ஒரு முழம் நகர்ந்தார். மணி அடித்தது. இன்னொரு முழம் நகர்ந்தார். மறுபடி அடித்தது. அரசருக்கு இன்று நல்ல பசி போலிருக்கிறது என்று சமையற்காரர்கள் கொப்பரையை ஏற்றினார்கள். தோட்டத்து நடுவில் அமைச்சருக்குக் கை வழுக்கியது. அரிவாள் வேலிக்கு வெளியே தெறித்தது. அவர் துள்ளிய துள்ளலில் மணி ஓயாமல் அடித்தது.

மதியத் தூக்கத்திலிருந்து விழித்த அரசரைச் சுற்றி அறுபது தட்டு அதிரசம் இருந்தது. அறுபத்தொன்றாவது தட்டு உள்ளே வந்துகொண்டிருந்தது. அவர் கயிற்றைத் தொடவே இல்லை. ஒரு தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு, கயிறு போன வழியே என்னதான் நடக்கிறது என்று பார்க்கப் புறப்பட்டார். மருதாசலமும் கூடப் போனார்.

அங்கே அமைச்சர், வெட்ட வந்த அகத்தியையே கட்டிப்பிடித்துக்கொண்டு உயரத்தில் தொத்திக்கொண்டிருந்தார். கீழே பாவாயி நின்றாள்.

"தாயே, உன் மண்ணில் காலை வைக்கலாமா?" என்று கேட்டார் அமைச்சர்.

பாவாயி அவரையே பார்த்தாள். கயிறு வந்த நாளிலிருந்து அவளிடம் கேட்கப்பட்ட முதல் கேள்வி அது.

"கேட்டீங்கல்லோ, எறங்குங்க. ஆனா செருப்பக் கழட்டோணும். கொடிக்காலுக்குள்ள செருப்போட யாரும் வரமாட்டோம்."

ஒரு கையால் மரத்தையும் மறு கையால் செருப்பையும் பிடித்து அமைச்சர் பட்ட பாட்டைக் கண்டு, வேலிக்கு வெளியே நின்ற அரசர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். பாவாயியிடமிருந்த ஓலையை வாங்கி அங்கேயே கிழித்தார். கயிறு இனி ராஜபாட்டை ஓரமாகச் சுற்றிப் போகும், மரங்களை யாரும் தொடக் கூடாது, யார் நிலத்துக்கு மேலே எதைக் கொண்டுபோனாலும் முதலில் அவரைக் கேட்க வேண்டும் என்றார். அரண்மனையில் இருந்த அறுபது தட்டும் மருதாசலத்துக்குப் பரிசு.

அந்த உற்சாகத்தில் அரசர் தோட்டத்துக்குள் நுழையக் காலைத் தூக்கினார். மருதாசலம் லேசாகச் செருமினார். தூக்கிய கால் அப்படியே பின்னால் வந்தது. அரசர் செருப்பைக் கழற்றினார்.

"பாவாயி, உள்ளே வரலாமா?"

"வாங்க மகாராசா" என்றாள் பாவாயி. "அந்தத் தட்ட மட்டும் வெளியவே வெச்சிருங்க. தோட்டத்துக்கு எறும்பு வந்துரும்."