தன் தண்டனைக்குத் தானே தண்டோரா

இடம் கிடைத்தவர்கள் உட்காருங்கள், கிடைக்காதவர்கள் நின்றபடியே சிரியுங்கள். காக்கையெல்லாம் வெள்ளையாய் இருந்ததோ என்னவோ, அவ்வளவு பழைய காலத்துச் சங்கதி இது. கொடுக்காப்புளியூர் என்று ஒரு ராஜ்ஜியம். அதற்கு ஒரு ராஜா. நல்லவர்தான். ஆனால் கோபம் முன்னே ஓடிவரும், யோசனை பின்னாலே நொண்டிக்கொண்டு வரும்.

அவரிடம் தண்டோரா போடுகிற வேலை பார்த்தவன் குப்பாண்டி. தாத்தா காலத்திலிருந்தே அரண்மனை முரசு அவன் வீட்டில்தான். முரசுக்கு அடுத்தபடி அவனுக்குப் பெருமை, அவன் மீசை.

ஒருநாள் மத்தியானம் ராஜா தூங்கிக்கொண்டிருந்தார். கடகடவென்று ஒரு சத்தம். திடுக்கிட்டு எழுந்தார்.

"முரசுச் சத்தம்! அந்தக் குப்பாண்டிப் பயல்தான்! மீசையை வழி, கழுதையில் ஏற்று, வேலையைப் பிடுங்கு!"

மந்திரி தீத்தாரப்பர் ஏன் எதற்கு என்று கேட்கிற ஆள் இல்லை. மறுநாள் விடிந்ததும் கழுதை வந்தது, நாவிதர் வந்தார், குப்பாண்டியின் மீசையை நனைத்தும் விட்டார்.

ஆனால் அந்த ஊரில் ஒரு வழக்கம். யாருக்குத் தண்டனை என்றாலும் முதலில் மூன்று தெருவில் தண்டோரா போட வேண்டும். ஊருக்கே தண்டோராக்காரன் ஒருத்தன்தான். அவனும் குப்பாண்டிதான்!

ஈர மீசையோடு கடைத்தெருவுக்குப் போனான். டம் டம் டம்! "இதனால் சகலருக்கும் தெரிவிப்பது என்னவென்றால், குப்பாண்டி என்கிற எனக்கு மீசை போகும், மானம் போகும், வேலையும் போகும்! எல்லாரும் வந்து பாருங்கோ!"

புளி விற்கிற சொர்ணத்தாய் தராசைக் கீழே வைத்தாள். "அப்படி என்னடா செய்தாய்?"

"தெரியலையே அக்கா. யாரும் சொல்லலை."

"என்ன குற்றமென்று தெரியாமல் தண்டோரா போட வந்துவிட்டாயாக்கும்! போய்க் கேட்டுக்கொண்டு வாடா!"

அரண்மனைக்கு ஓடினான். "நேற்று மத்தியானம் முரசடித்து ராஜாவை எழுப்பிவிட்டாய், அதுதான் குற்றம். போ போ!" என்றார் மந்திரி. அதற்குள் மீசை காய்ந்துபோயிருந்தது. நாவிதர் மறுபடி நனைத்தார்.

அடுத்தது கோயில் தெரு. டம் டம் டம்! குற்றத்தையும் சேர்த்துச் சொன்னான். பூக்கட்டுகிற பெரியவர் தலையைத் தூக்கினார். "நீ அடித்ததை யாரப்பா பார்த்தது?"

"அதைச் சொல்லலையே பெரியவரே!"

மறுபடி ஓட்டம். "யாரும் பார்க்கவில்லை. ராஜா பாதித் தூக்கத்தில் கேட்டார், போதாதா?" என்று மந்திரி சீறினார். மீசை மறுபடி நனைந்தது.

கடைசியாய் ஆற்றங்கரைத் தெரு. டம் டம் டம்! துணி துவைக்கிறவர்கள் கையை நிறுத்தினார்கள். "சரி அண்ணே, அதற்கு நீ என்ன பதில் சொன்னாய்?"

குப்பாண்டி முரசைக் கீழே இறக்கினான். "என்னைத்தான் யாரும் கேட்கவே இல்லையே தம்பி!"

இந்தத் தடவை அவன் நேரே ராஜசபைக்கே ஓடினான்; பின்னால் மூன்று தெருவும் ஓடியது. கழுதையும் ஓடியது.

"மகாராஜா, என் பதில் என்னவென்று ஊர் கேட்கிறது. சொல்லட்டுமா?"

"சொல்லித் தொலை!" என்றார் ராஜா.

"நேற்று முழுக்க நான் ஊரிலேயே இல்லை. திருவிழாவுக்குத் தண்டோரா போட மந்திரி ஐயாதான் என்னைப் பக்கத்து ஊருக்கு அனுப்பினார். முரசும் என் தோளில்தான் இருந்தது."

மந்திரி விட்டத்தைப் பார்த்தார். "அனுப்பினேன்தான்... என்னையும் யாரும் கேட்கவில்லையே!"

ராஜாவுக்குக் கோபம் தலைக்கேறியது. "அப்படியானால் சத்தம் போட்டவன் எவன்? இப்போதே அவன் மீசையை வழி!"

அதுவரை பக்கத்தில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டிருந்த ராணி இடுப்பைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "அது உங்கள் குறட்டைதான்! நீங்கள் தூங்கினால் சுவரில் பல்லி நிற்பதில்லை!"

ஆணை ஆணைதானே? நாவிதர் கிண்ணத்தோடு சிம்மாசனத்தின் பக்கம் ஓரடி வைத்தார்.

ராஜா சிம்மாசனத்து மேலேயே ஏறி நின்றுவிட்டார். "நில்லு! என்மேல் என்ன குற்றம்? யார் பார்த்தது? என்னை ஒரு வார்த்தை கேட்டீர்களா?"

தன் வாயிலிருந்து வந்த மூன்று கேள்வியும் ராஜா காதிலேயே விழுந்தன. மெதுவாய் இறங்கினார். குப்பாண்டியின் மீசை நுனியில் இன்னும் ஒரு சொட்டு தொங்கிக்கொண்டிருந்தது. தன் பட்டு அங்கவஸ்திரத்தால் அதைத் துடைத்துவிட்டார்.

"என் மீசைக்கு வந்த பிறகுதானடா எனக்கு நியாயமே ஞாபகம் வருகிறது! வேலையும் முரசும் உன்னுடையதுதான். போ, இனி இந்த மூன்றையும் கேட்காமல் என் ஆட்களில் ஒருவருக்கும் தண்டனை கிடையாது என்று ஊருக்குச் சொல்."

குப்பாண்டி அன்றைக்கு அடித்த அடியில் கழுதைகூட ஆடியதாம்.

கேட்டீர்களா மக்களே, குற்றம் இன்னதென்று சொல்லி, சாட்சியைக் காட்டி, அவன் பதிலையும் காதுகொடுத்துக் கேட்ட பிறகே ஒருவனைத் தண்டிக்க வேண்டும்.