பிள்ளைவேலியும் செத்த முள்ளும்

மலைக்கும் சமவெளிக்கும் எல்லை எதுவென்று ஆடுகளுக்கு மட்டுமே தெரிந்திருந்த காலத்தில், அதைத் தானும் தெரிந்துகொள்ள விரும்பிய ஓர் அரசர் மூன்று கோட்டைகளைக் கட்டினார். முதற்கோட்டை, நடுக்கோட்டை, கடைக்கோட்டை. மூன்றும் மண்கோட்டைகள். ஒவ்வொன்றையும் சுற்றி முள்வேலி.

வேலி என்றதும் உங்கள் வீட்டுக் கொல்லையை நினைத்துக்கொள்ளாதீர்கள். உடைமரமும் கிளுவையும் கள்ளியும் பின்னிப் பிணைந்து, அம்பு பாயும் தூரத்துக்கு அகன்று நின்ற பச்சைக் காடு அது. பீரங்கிக் குண்டு வந்தால் விழுங்கிக்கொள்ளும். தீ வைத்தால் புகையும், எரியாது. அதனூடே வளைந்து வளைந்து ஒற்றைப் பாதை ஒன்று கோட்டை வாசலுக்குப் போகும். அதன் வாய் எங்கே இருக்கிறது, அது எங்கே திரும்புகிறது என்பது வெளியாருக்குத் தெரியாது.

சுற்றியிருந்த ஊர்க் குடிகளுக்கு நன்றாகவே தெரியும்; கடைக்கோட்டையைச் சுற்றி அப்படி ஏழூர். வேலியை வளர்த்தவர்கள் அவர்கள்தாம். ஒரு வீட்டில் பிள்ளை பிறந்தால், தொப்புள்கொடி விழுந்த அன்று, அந்த வீட்டார் வேலியில் ஒரு கன்று நடவேண்டும். பிள்ளை தானே நடந்து வந்து தண்ணீர் ஊற்றும்வரை தாய் ஊற்றவேண்டும். அதனால் அதற்குப் பிள்ளைவேலி என்று பெயர்.

இப்படியிருக்கையில் கடல் கடந்து வந்த வெள்ளையர்கள் கப்பம் கேட்டார்கள். அரசர் மறுத்தார். பட்டாளம் புறப்பட்டது.

கடைக்கோட்டையின் தலைவர் உக்கிரபாண்டி. பெயருக்கு ஏற்ற மனிதர். பாய்ந்து வரும் குதிரையைக் கண்டு ஒருநாளும் கண் இமைத்ததில்லை. முன்னால் நிற்கும் எதற்கும் அஞ்சாத அவர், முதுகுக்குப் பின்னால் நிற்கும் எல்லாவற்றுக்கும் அஞ்சினார். இத்தகைய வீரர்கள் எல்லா நாட்டிலும் உண்டு; அவர்களிடம் கோட்டையை ஒப்படைக்கும் அரசர்களும் உண்டு.

மாசி மாதத்தில் முதற்கோட்டை விழுந்தது. புருவம் கருகிய வீரன் ஒருவன் கடைக்கோட்டை வாசலில் வந்து சரிந்தான்.

"வழி தெரிஞ்சு வந்தாக, எசமான். நேரா வாசலுக்கே வந்துட்டாக," என்றான். அதற்குமேல் அவனுக்கு மூச்சு இல்லை.

"யார் காட்டிக்கொடுத்தது?" என்று உக்கிரபாண்டி கேட்டார். இறந்தவன் எப்படிப் பதில் சொல்வான்?

அன்று மாலை அவர் கொத்தளத்தில் நின்று வேலியைப் பார்த்தார். பெண்கள் குடத்தோடு பாதையில் வந்துகொண்டிருந்தார்கள். நேற்றுவரை அது அவருக்குத் தண்ணீர் ஊற்ற வரும் கூட்டம். இன்று, வழி தெரிந்தவர்களின் கூட்டம்.

முதல் கட்டளை பிறந்தது: குடிகள் எவரும் வேலியை நெருங்கக் கூடாது, நெருங்கினால் சுடப்படுவார்கள்.

அடுத்து நடுக்கோட்டை விழுந்தது. அங்கிருந்தும் அதே சேதிதான் வந்தது: வழி தெரிந்து வந்தார்கள்.

"யார் காட்டிக்கொடுத்தது?" என்று அவர் மறுபடியும் கேட்டார். காவல் வீரர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்தப் பார்வையே அவருக்குச் சதியாகத் தெரிந்தது.

இரண்டாம் கட்டளை பிறந்தது: ஏழூர்க் குடிகளும் ஆற்றுக்கு அப்பால் போய்விட வேண்டும்.

மூட்டை முடிச்சோடு சனங்கள் நடந்தபோது ஒருத்தி மட்டும் நின்றாள். கீழக்குடியைச் சேர்ந்த மாடத்தி. அவளுடைய ஒரே மகன் அம்மை கண்டு இறந்தவன்.

"ஒரு குடம் தண்ணி ஊத்திட்டுப் போயிருதேன், எசமான்," என்றாள்.

"பிள்ளையே இல்லை. மரத்துக்கு எதுக்குத் தண்ணி?"

"பிள்ளை இல்லேன்னுதான் ஊத்துதேன். மரமாச்சும் இருக்கட்டுமே."

"நடடீ," என்றார். அவள் நடந்தாள்.

மூன்றாம் கட்டளை எல்லாவற்றையும்விடக் கெட்டிக்காரத்தனமானது. அவர் அப்படித்தான் நினைத்தார். காட்டு முள்ளை வெட்டிவந்து, பாதை முழுவதையும் ஆளுயரத்துக்கு அடைத்துவிட வேண்டும்.

அடைத்தார்கள். புதிதாக வெட்டிய முள் வேலியோடு வேலியாகப் பச்சையாகவே இருந்தது. பாதை இருந்த சுவடே தெரியவில்லை. உக்கிரபாண்டி பல நாளுக்குப் பின் முதன்முறையாகச் சிரித்தார்.

"இனிமே பாதையே இல்லை. இல்லாததை எவன் காட்டிக்கொடுப்பான்?"

காவல் தலைவன் சப்பாணி தலையைச் சொறிந்தான். "அதுவும் சரிதான். நமக்கு ஒரு கலியாணம் காதுகுத்துன்னா எப்படி எசமான் வெளிய போறது?"

வீரர்கள் சிரித்தார்கள். தலைவர் சிரிப்பதை நிறுத்திவிட்டு, சப்பாணிக்கு ஏன் வெளியே போகத் தோன்றுகிறது என்று யோசிக்கத் தொடங்கினார்.

அச்சத்துக்கு ஒரு குணம் உண்டு. வெளியே ஆள் இல்லாவிட்டால் அது உள்ளே ஆள் தேடும். உக்கிரபாண்டி சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டே உண்டார், சாய்த்துக்கொண்டே உறங்கினார். சமைத்தவள் சோற்றைத் தின்று காட்டிய பிறகே கை வைத்தார். பின்புறச் சுவரில் ஒற்றை ஆள் நுழையும் சிறு கதவான திட்டிவாசலைத் தாமே பூட்டிச் சாவியை இடுப்பில் முடிந்துகொண்டார். அடைத்த கோட்டைக்குள் பெண்களும் குழந்தைகளுமாய் இருநூறு உயிர்கள் இருந்தன. அழும் குழந்தை யாருக்கோ சாடை காட்டுவதாகக்கூட ஒரு கணம் அவருக்குத் தோன்றியது.

ஒருநாள் காலையில் வேலிக்கு வெளியிலிருந்து ஒரு குரல் கேட்டது. மாடத்தியின் குரல்.

"எசமான், பாதையில போட்ட முள்ளை எடுத்துருங்க. இப்பவே எடுத்துருங்க."

உக்கிரபாண்டி கொத்தளத்துக்கு ஓடினார். பாதையைத் திறக்கச் சொல்கிறாள். வேறு எவள் சொல்வாள், எதிரியின் கையாளைத் தவிர? சுடச் சொன்னார். குண்டு கள்ளியில் பட்டுப் பால் தெறித்தது. குரல் நின்றுவிட்டது.

பங்குனி வெயில் காய்ந்தது. பட்டாளம் வந்து சேர்ந்தது.

உச்சிவேளையில் வெள்ளைத் தளபதி குதிரைமேல் வேலியை ஒருமுறை சுற்றி வந்தார். வழிகாட்ட ஆள் எவரும் உடன் இல்லை. ஓரிடத்தில் குதிரையை நிறுத்திக் கையை நீட்டினார். உக்கிரபாண்டி அந்தக் கை நீண்ட திசையைப் பார்த்தார்; பிறகுதான் தம் வேலியைப் பார்த்தார்.

வேர் உள்ள முள் பச்சையாக நின்றது. வேர் இல்லாத முள் காய்ந்து பழுப்பேறியிருந்தது. அந்தப் பச்சைக் காட்டின் நடுவே, வெளிவாயிலிருந்து கோட்டை வாசல்வரை, ஒவ்வொரு வளைவோடும் ஒரு பழுப்புக் கோடு தெளிவாகக் கிடந்தது.

ஒரு சிப்பாய் எரியும் வைக்கோல் பிரியைத் தூக்கி எறிந்தான். தீ ஓடியது. இருபுறமும் நின்ற பச்சை மரங்களின் இலைகள் சுருண்டன, அவை பற்றவில்லை. செத்த முள் மட்டும் பற்றிற்று. பாதை திரும்பிய இடத்தில் தீயும் திரும்பியது. பாதை நெளிந்த இடத்தில் தீயும் நெளிந்தது. கடைசியில் அது கோட்டைக் கதவை வந்து தட்டியது. அதன் பின்னால் சாம்பல் படிந்த திறந்த வழி கிடந்தது. பட்டாளம் அது ஆறுவதற்காகக் காத்து நின்றது.

"யார் காட்டிக்கொடுத்தது?" உக்கிரபாண்டியின் உதடுகள் பழக்கத்தில் அசைந்தன.

"இன்னுமா கேக்கீக, எசமான்?" என்றான் சப்பாணி.

அப்போது பின்புறத் திட்டிவாசலில் யாரோ தட்டினார்கள்.

"மாடத்தி வந்திருக்கேன். ஏழூரும் வந்திருக்கு. கதவைத் திறங்க, பிள்ளைகளை அனுப்புங்க."

உக்கிரபாண்டி சாவியைப் பற்றிக்கொண்டு நின்றார். கதவுக்கு அப்பால் குடிகளா, துப்பாக்கிகளா? முன்னால் தீ இருந்தது. இருநூறு உயிர்களும் அவருடைய விரல்களையே பார்த்திருந்தன.

"பின்னால் பாதை கிடையாதே," என்றார். "எப்படி வந்தீர்கள்?"

"வெட்டிட்டு வந்தோம். அவங்கவங்க மரத்தை அவங்கவங்களே வெட்டினோம்." அவள் மூச்சு வாங்குவது கேட்டது. "அந்த ரெண்டு கோட்டையிலும் எவனும் காட்டிக்கொடுக்கல, எசமான். சனத்தை விரட்டிட்டு உங்களை மாதிரியே முள்ளை வெட்டிப் போட்டாக. ஆத்துக்கு அப்பால அந்தக் கோட்டைச் சனங்க சொன்னாக. அதைச் சொல்லத்தான் அன்னைக்கு வந்தேன்."

"உன் மகன் மரம்?"

"அதுதான் சுவரை ஒட்டி நின்னுது. அதைக் கடைசியா வெட்டினேன்."

உக்கிரபாண்டி சாவியைத் திருப்பினார். வாசலில் அரிவாளோடு மாடத்தி நின்றாள். முழங்கைவரை முள் கிழித்த இரத்தம். அவளுக்குப் பின்னால், வெட்டுண்ட மரங்களுக்கு இடையே, ஏழூரும் கைகோத்து நின்றது. குழந்தைகள் ஒரு கையிலிருந்து மறுகைக்கு மாறி மலையை நோக்கிப் போனார்கள்.

அவர் சாவியைச் சப்பாணியிடம் கொடுத்தார். பிறகு தம் வாழ்நாளில் முதன்முறையாக, பின்னால் நிற்பவர் யார் என்று திரும்பிப் பாராமல், எரியும் முன்வாசலை நோக்கி நடந்தார். கடைசிக் குழந்தை மலை ஏறும்வரை அந்த வாசலைக் கடந்து எவனும் உள்ளே வரவில்லை. அவரும் வெளியே வரவில்லை.

கோட்டை போயிற்று. மலைமேல் சனங்கள் பிழைத்தார்கள். அடுத்த மழைக்கு மாடத்தி அங்கே ஒரு கன்று நட்டாள். யார் பிள்ளைக்கு என்று கேட்டதற்கு, "அந்த மனுசனுக்கு," என்றாளாம்.

இக்கதை கேட்டவர்கள் அறிந்துகொள்ள வேண்டியது இதுவே: தன் மக்களை நம்ப அஞ்சுகிறவன் எழுப்பும் காவலே பகைவனுக்கு முதல் வழிகாட்டி.