தெஸ்ஸாய் சொன்னது

"வெளியிடப் பயமா இருக்கு, டீச்சர்" என்றார் தணிகைவேல்.

டீச்சர் என்றால் ஜெஸிந்தா. அவரைவிடப் பத்து வயது இளையவள், அவருக்கு ஜப்பானிய மொழி சொல்லிக்கொடுத்தவள்.

ஜப்பானில் மட்டும் விற்ற ஒரு பழைய சண்டை வீடியோ கேமை, யாரும் கேட்காமலே, ஆசைக்காகத் தமிழாக்கியிருந்தார் தணிகைவேல். வேலை முடிந்துவிட்டது. இணையத்தில் ஏற்றத்தான் கை வரவில்லை. ஒரு பிழை அகப்பட்டால் போதும், கிழித்துத் தொங்கவிட ஆளுக்கா பஞ்சம்?

எல்லா வசனத்தையும் திரையில் பார்த்தாயிற்றா என்று கேட்டாள் ஜெஸிந்தா.

ஒன்றைத் தவிர, என்றார். கடைசி எதிரியான தெஸ்ஸாய் நம்மை வீழ்த்திய பின் சொல்லும் வசனம் அது. தோற்கப் போகிறோம் என்று தெரிந்ததுமே அவர் கேமை அணைத்துவிடுவார். அதனால் அதை மட்டும் காட்சியைப் பார்க்காமல், வெறும் எழுத்தை வைத்தே மொழிபெயர்த்திருந்தார்.

"என்ன எழுதியிருக்கீங்க, சார்?"

"எழுந்தால் தொலைந்தாய், நாயே."

ஜெஸிந்தா கேமைப் போட்டு, கண்ட்ரோலரை அவர் கையில் கொடுத்தாள். பிறகு ஸ்விட்சை மறைத்து நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டாள்.

தெஸ்ஸாய் வந்தான். அடிமேல் அடி விழுந்தது. தணிகைவேலுக்கு உள்ளங்கை வியர்த்து, பட்டன் வழுக்கியது.

"தள்ளுங்க, டீச்சர்."

அவள் அசையவில்லை.

அவருடைய வீரன் சுருண்டு விழுந்தான். அவர் கண்ணை இறுக மூடிக்கொண்டார்.

"கண்ணத் திறங்க, சார்."

திரையில் தெஸ்ஸாய் வாளைக் கீழே வைத்துவிட்டு, விழுந்தவன் பக்கத்தில் மண்டியிட்டிருந்தான். தன் மேலாடையைக் கழற்றி அவன்மேல் போர்த்தினான். அடியில் தணிகைவேலின் தமிழ் வந்து நின்றது. எழுந்தால் தொலைந்தாய், நாயே.

இதையா ஊருக்குக் காட்ட இருந்தோம்?

மூலத்தில் என்னதான் இருக்கிறது என்று கேட்டாள் ஜெஸிந்தா. எழுந்திருக்காதே, அவ்வளவுதான் என்று ஒப்புக்கொண்டார்.

"அப்ப நாய்னு சொன்னது யாரு?"

அவள் கீபோர்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். "இப்பப் பாத்துச் சொல்லுங்க. அவன் என்ன சொல்றான்?"

தணிகைவேல் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எந்திரிக்காதப்பா" என்றார் மெதுவாக. "போதும். கொஞ்ச நேரம் படுத்துக்கோ."